போர்ட்டல் கன்: எங்கே கிடைக்கும், எப்படிக் கையாள்வது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வால்வ் நிறுவனம் 2007 அக்டோபரில் வெளியிட்ட ‘போர்ட்டல்’, 2011 ஏப்ரலில் வெளியிட்ட ‘போர்ட்டல் 2’ ஆகிய இரண்டு புதிர் விளையாட்டுகளிலும் உங்களிடம் இருக்கும் ஒரே கருவி போர்ட்டல் கன். புதிதாக விளையாட உட்காருபவர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். முடிந்தவரை எந்தப் புதிரின் விடையையும் போட்டு உடைக்கவில்லை. கருவியைப் புரிந்துகொண்டால் விடை தானாக வரும்.

போர்ட்டல் கன் என்றால் என்ன? அது ஆயுதமா?

பெயரில்தான் கன். அதை வைத்து யாரையும் சுட்டு வீழ்த்த முடியாது. சுவரைப் பார்த்துச் சுட்டால் அங்கே நீல விளிம்போடு நீள்வட்டமாக ஒரு வாசல் திறக்கும். இன்னொரு இடத்தில் சுட்டால் ஆரஞ்சு விளிம்போடு ஒரு வாசல். ஒன்றில் நுழைந்தால் மற்றதில் வெளியே வருவீர்கள். இரண்டுக்கும் நடுவில் பத்தடி இருக்கிறதா, பெரிய பள்ளம் இருக்கிறதா என்பதெல்லாம் கணக்கே இல்லை. நீங்கள் போவது போலவே பெட்டியும் போகும், எதிரியின் குண்டும் போகும், உங்கள் பார்வையும் போகும். வாசலுக்கு முன்னால் நின்று எட்டிப் பார்த்தால் அந்தப் பக்கத்து அறை அப்படியே தெரியும்.

நீலம் நுழைவதற்கு, ஆரஞ்சு வெளியேறுவதற்கு என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். அப்படி எந்த விதியும் இல்லை. இரண்டுமே இருவழி வாசல்கள்தான். இந்தத் தப்பெண்ணத்தால் நீலத்தைத் தன் பக்கத்திலும் ஆரஞ்சைத் தூரத்திலும் மட்டுமே வைத்துப் பழகிப் போய், ஒரு கட்டத்துக்கு மேல் திணறியவர்களைப் பார்த்திருக்கிறேன். நிறத்தை மறந்துவிடுங்கள். ‘இந்த முனை, அந்த முனை’ என்று நினைத்தால் போதும்.

ஒரு நேரத்தில் ஒரு ஜோடி மட்டுமே இருக்கும். புதிதாக நீலம் சுட்டால் பழைய நீலம் மறைந்துவிடும்.

விளையாட்டைத் தொடங்கிவிட்டேன், கையில் கன் இல்லை. ஏதாவது பிழையா?

பிழை இல்லை. முதல் ‘போர்ட்டல்’ வேண்டுமென்றே வெறுங்கையோடுதான் தொடங்குகிறது. அந்தத் தொடக்கம் எனக்கு மிகவும் பிடித்த இடம், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

ஒரு கண்ணாடி அறைக்குள் படுக்கையிலிருந்து எழுந்திருக்கிறீர்கள். சின்ன ரேடியோ ஒன்று பாடிக்கொண்டிருக்கிறது. கதவு கிடையாது. சிறிது நேரத்தில் சுவரில் ஒரு வாசல் திறக்கிறது. அதன் வழியே பார்த்தால் சற்றுத் தள்ளி ஒரு கண்ணாடி அறை, உள்ளே ஆரஞ்சு உடையில் ஒரு பெண். நீங்கள் நகர்ந்தால் அவளும் நகர்கிறாள். அது நீங்கள்தான். உங்களையே வெளியிலிருந்து பார்க்கிறீர்கள். ஒரு வார்த்தை விளக்கம் இல்லாமல் வாசல் என்றால் என்ன என்று புரிந்துவிடுகிறது. என் அக்கா மகளை முதல் தடவை உட்கார வைத்தபோது அவள் அங்கேயே நின்று ஐந்து நிமிடம் வலது பக்கம், இடது பக்கம் என்று அசைந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் அவசரப்படுத்தவில்லை. அதைவிட நல்ல பாடம் நான் சொல்லிக் கொடுக்க முடியாது.

அடுத்த அறையில் ஒரு வாசல் மூன்று இடங்களுக்குத் தானாக மாறி மாறிப் போகும். எப்போது நுழைந்தால் எங்கே போவோம் என்று பார்த்து நகர வேண்டும். இவ்வளவும் பழகிய பிறகுதான் கருவி கைக்கு வரும்.

சரி, எந்த அறையில் கிடைக்கும்?

முதல் பாகத்தில் இரண்டு தவணையாகக் கிடைக்கும். ஒவ்வொரு சோதனை அறையின் தொடக்கத்திலும் வெளிச்சமான வெள்ளைப் பலகையில் அறை எண் இருக்கும். எண்கள் 00-இலிருந்து தொடங்கும். 02-இல் கன் ஒரு பீடத்தின் மேல் சுழன்றுகொண்டிருக்கும். சுழலச் சுழல, சுற்றியுள்ள சுவர்களில் நீல வாசலைத் திறந்துகொண்டே இருக்கும். ஓடிப்போய் எடுப்பதற்கு முன் ஒரு முழுச் சுற்று நின்று கவனியுங்கள். ஒன்று திறந்தால் பழையது மூடுவது அங்கேயே கண்ணுக்குத் தெரியும்.

இப்படி எடுத்த கன் நீல வாசலை மட்டுமே சுடும். ஆரஞ்சு வாசல்கள் அந்தந்த அறையில் ஏற்கெனவே பொருத்தப்பட்டிருக்கும். அவற்றை இடம் மாற்ற முடியாது. 11-ஆவது அறையில்தான் இரண்டு வாசலையும் திறக்கும் முழு வடிவம் கிடைக்கும்.

நான் 07-இல் இருக்கிறேன். வலது பொத்தானை அழுத்தினால் ஆரஞ்சு வரவே இல்லை. மவுஸ் கெட்டுவிட்டதா?

மவுஸ் நன்றாகத்தான் இருக்கிறது. மேலே சொன்னது போல 11 வரை ஆரஞ்சு உங்கள் கட்டுப்பாட்டில் இல்லை. அறையில் ஆரஞ்சு வாசல் எங்கே இருக்கிறது என்று முதலில் தேடுங்கள். அது எங்கே கொண்டுபோய் விடும் என்பது தெரிந்துவிட்டால், நீலத்தை எங்கே வைப்பது என்ற ஒரு கேள்விதான் மிச்சம். பாதிக் கருவியைக் கொடுத்து இத்தனை அறைகளைத் தாண்ட வைத்திருப்பது அலுப்பாகத் தோன்றலாம். ஆனால் ஒரு முனை அசையாமல் இருக்கும்போது மறு முனையைப் பற்றி யோசிக்கப் பழகியவர்களுக்கு, இரண்டும் கைக்கு வந்ததும் தடுமாற்றம் இருக்காது. இந்த விளையாட்டின் அமைப்பிலேயே மிகச் சிறந்த முடிவு இந்தப் பாதிக் கருவிதான் என்பேன்.

கன்னை எடுக்காமல் தாண்டிப் போய்விட வாய்ப்பு இருக்கிறதா?

இல்லை. 02-இலும் 11-இலும் அதை எடுத்தால்தான் வெளியேற வழி பிறக்கும்.

போர்ட்டல் 2-இல் எங்கே கிடைக்கும்?

இங்கேயும் முதலில் பாதி, பிறகு முழுசு. விடுதி அறை போன்ற ஓர் இடத்தில் கண் விழிப்பீர்கள். வீட்லி என்ற உருண்டை ரோபோ உங்களை அங்கிருந்து கிளப்பிக்கொண்டு வந்து பாழடைந்த பழைய சோதனை அறைகளில் விட்டுவிடும். கன் இருக்க வேண்டிய பீடத்தை நெருங்கும்போது தரை உடைந்து கீழே விழுவீர்கள். பயப்பட வேண்டாம், கதையே அப்படித்தான். கீழே, சுவரோவியங்கள் வரைந்திருக்கும் பகுதியைச் சுற்றித் தேடினால் நீலம் மட்டும் சுடும் கன் கிடைக்கும். அந்த ஓவியங்களை அவசியம் நின்று பாருங்கள். முதல் பாகத்தின் கதை முழுக்க அவற்றில் இருக்கிறது.

முழுக் கருவி இரண்டாம் அத்தியாயத்தில் கிடைக்கும். கிளாடோஸ் என்ற இயந்திரம் விழித்தெழுந்து உங்களைத் தூக்கி எரியூட்டு அறையில் போட்ட பிறகு, அங்கே குவிந்திருக்கும் உடைசல்களுக்கு நடுவே இரட்டை வாசல் கன் கிடக்கும். வழியெல்லாம் கிளாடோஸ் பேசிக்கொண்டே வரும். அதைக் கேட்டபடி நடந்தாலே போதும், கன் இருக்கும் இடத்துக்கு வந்துவிடுவீர்கள்.

எந்தப் பொத்தான் எதற்கு?

கணினியில் இடது மவுஸ் பொத்தான் நீலம், வலது பொத்தான் ஆரஞ்சு. பெட்டியைத் தூக்கவும் இறக்கவும் ஆங்கில ‘E’ விசை. தூக்கிய பெட்டி கன்னின் முன்னால் மிதந்தபடி வரும். அதைப் பிடித்திருக்கும்போது சுட முடியாது, இறக்கிவிட்டுத்தான் சுட வேண்டும். அதனால் பெட்டியோடு எங்காவது போகவேண்டி இருந்தால் முதலில் இரண்டு வாசலையும் திறந்து வைத்துவிட்டு, அப்புறம் பெட்டியைத் தூக்குங்கள்.

சுடுகிறேன், வாசல் திறக்கவில்லை. ஏன்?

பெரும்பாலும் காரணம் பரப்புதான். வெளிர் நிறக் காங்கிரீட் போன்ற சுவர், தரை, கூரையில் வாசல் திறக்கும். கருத்த உலோகத் தகட்டில் திறக்காது, பொறி தெறித்து அணைந்துவிடும். கண்ணாடியிலும் திறக்காது.

வெள்ளைச் சுவராக இருந்தும் திறக்கவில்லை என்றால் இடம் போதவில்லை என்று பொருள். வாசல் முழுதாகப் பதிய இடம் வேண்டும். ஓரத்தில் சுட்டால் விளையாட்டே அதை நகர்த்திச் சரியாகப் பொருத்தப் பார்க்கும். அதற்கும் வழியில்லை என்றால் கைவிட்டுவிடும். மற்ற வாசலின் மேலேயே சுட்டாலும் இதே கதைதான்.

இன்னொன்று: ஒரு வாசலுக்குள் சுட்டு அந்தப் பக்கத்தில் இன்னொரு வாசலைத் திறக்க முடியாது. சுட்டது வாசலைத் தாண்டிப் போகாது. கண்ணுக்கு அந்தப் பக்கம் தெரிவதால் எல்லோருமே ஒரு தடவையாவது இதை முயல்வார்கள். நீங்கள் உடலோடு தாண்டிப் போன பிறகுதான் அங்கிருந்து சுட முடியும்.

ஒரு விதத்தில் இந்தக் கட்டுப்பாடு உங்களுக்குச் சாதகம். கருத்த உலோகம் நிறைந்த அறையில் ஒரே ஒரு வெள்ளைத் தகடு தென்பட்டால் அதை யாரோ யோசித்துத்தான் அங்கே வைத்திருக்கிறார்கள். பெரும்பாலும் அதற்கு ஒரு வேலை இருக்கும்.

வாசல்கள் திடீரென்று மறைந்துவிட்டன. கையிலிருந்த பெட்டியும் போய்விட்டது!

கதவருகே மினுமினுக்கும் மெல்லிய திரை போல ஒன்று இருந்திருக்கும், அதைத் தாண்டியிருப்பீர்கள். அந்தத் திரை நீங்கள் திறந்த இரண்டு வாசலையும் அழித்துவிடும், பெட்டி போன்ற பொருள்களையும் கரைத்துவிடும். கன்னுக்கும் உங்களுக்கும் ஒன்றும் ஆகாது. அதன் ஊடே சுடவும் முடியாது. ஒரு அறையின் வாசலோடு அடுத்த அறைக்குப் போய்க் குறுக்குவழி எடுக்காமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு. அறைக்கு நடுவிலேயே இப்படி ஒரு திரை இருந்தால், எதை எந்தப் பக்கம் விட்டுவிட்டுப் போகவேண்டும் என்பதே அங்கே புதிர்.

வேகத்தை வைத்துப் பறப்பது எப்படி? 10-ஆவது அறையில் எனக்கு ஒன்றுமே புரியவில்லை.

இந்தக் கருவியின் உயிரே இதுதான். நிதானமாகப் பார்ப்போம்.

வாசலுக்குள் எந்த வேகத்தில் போகிறீர்களோ அதே வேகத்தில் மறுபக்கம் வெளியே வருவீர்கள். மாறுவது திசை மட்டும். உயரமான மேடையிலிருந்து கீழே குதிக்கிறீர்கள், தரையில் நீல வாசல் இருக்கிறது. மறுமுனையான ஆரஞ்சு, எதிரே சுவரில் இருக்கிறது. தரையை நோக்கி விழுந்த வேகம் முழுதும் இப்போது சுவரிலிருந்து முன்னோக்கிப் பாயும் வேகமாகிவிடும். பீரங்கிக் குண்டு போல அறையைக் கடந்து அந்தப் பக்கத்து மேடையில் போய் இறங்குவீர்கள். அசலில் உந்தத்துக்குத் திசையும் உண்டு, அது இப்படி மாறாது. ஆனால் விளையாட்டுக்குள் இந்த விதி அசைக்க முடியாதது, நம்பிக் குதிக்கலாம்.

10-இல் கிளாடோஸ் இதைப் பேச்சிலேயே சொல்லித் தரும். அங்கே செய்யவேண்டியது இவ்வளவுதான். பள்ளத்தின் விளிம்பில் நில்லுங்கள். குனிந்து பள்ளத்தின் அடியில் நீல வாசலைத் திறவுங்கள். வாசல் வழியே தெரியும் காட்சியைப் பாருங்கள், அதுதான் நீங்கள் வெளியே வரப்போகும் திசை. இப்போது ஓடாமல், குதிக்காமல், விளிம்பிலிருந்து ஓரடி எடுத்து வைத்து விழுங்கள். விழும்போது எந்த நகர்வு விசையையும் தொடாதீர்கள். உங்களை வாசலின் நடுவுக்கு இழுத்துக்கொள்ளும் உதவி விளையாட்டிலேயே இருக்கிறது. நீங்கள் விசையை அழுத்தினால் அந்த உதவி நின்றுவிடும். என்னோடு உட்கார்ந்து விளையாடியவர்களில் முதல் தடவை வாசலின் ஓரத்தில் மோதி நின்றவர்கள் எல்லோரும் பதற்றத்தில் முன்விசையை அழுத்திக்கொண்டே விழுந்தவர்கள்தான்.

போதுமான தூரம் பறக்கவில்லை என்றால் உயரம் போதவில்லை. ஒரு சின்னக் கணக்கு உதவும். விழும் வேகம் உயரத்தின் வர்க்கமூலத்தைப் பொறுத்தது. அதனால் செங்குத்துச் சுவரிலிருந்து நேராக வெளியே பாயும்போது இரண்டு மடங்கு தூரம் வேண்டுமானால் நான்கு மடங்கு உயரத்திலிருந்து விழ வேண்டும். சாய்ந்த தகட்டிலிருந்து மேல்நோக்கிப் பாய்ந்தால் கணக்கு உங்கள் பக்கம் சாயும், அதே உயரத்துக்கு இன்னும் நெடுந்தூரம் போகலாம். போர்ட்டல் 2-இல் சாய்ந்து நிற்கும் வெள்ளைத் தகட்டைக் கண்டால் உடனே சுற்றும்முற்றும் பார்த்து ஆழமான பள்ளத்தைத் தேடுங்கள். பல அறைகளில் இரண்டும் ஜோடியாகவே வரும்.

அவ்வளவு உயரமான இடமே அறையில் இல்லையே?

அப்படியானால் உயரத்தை நீங்களே உண்டாக்கிக்கொள்ள வேண்டும். முதல் பாய்ச்சலில் சுவரிலிருந்து வெளியே வந்து காற்றில் இருக்கும்போதே, கீழே நீங்கள் விழப்போகும் தரையில் புதிய வாசலைச் சுடுங்கள். இப்போது முன்பைவிட உயரத்திலிருந்து, முன்பைவிட வேகமாக அதற்குள் விழுவீர்கள். வெளியே வரும் வேகமும் கூடும். 11-க்குப் பிறகு வரும் அறைகளில் இது தேவைப்படும்.

இதற்குக் கை வேகத்தைவிடக் கண் முக்கியம். குதிப்பதற்கு முன்பே எந்தத் தரையில் சுடப்போகிறோம் என்று தீர்மானித்திருக்க வேண்டும். சுவரிலிருந்து வெளியே வந்ததும் கீழே மட்டும் பாருங்கள், வேறெதையும் பார்க்காதீர்கள். எந்த நிறத்தைச் சுடுவது என்பதிலும் கவனம் வேண்டும். நீங்கள் இப்போது வெளியே வந்த சுவர் வாசல் அப்படியே இருக்கவேண்டும், விழுந்து நுழைந்த வாசலின் நிறத்தைத்தான் இடம் மாற்றவேண்டும். தப்பான நிறத்தைச் சுட்டால் வெளியேறும் வழியே கைவிட்டுப் போகும். குழப்பமாக இருந்தால் குதிக்கும் முன் ‘நீலத்தில் விழுகிறேன், நீலத்தையே சுடுவேன்’ என்று வாய்விட்டே சொல்லிக்கொள்ளுங்கள். நான் இன்றும் அப்படித்தான் செய்கிறேன்.

தரையில் ஒன்று, நேர் மேலே கூரையில் ஒன்று திறந்து முடிவில்லாமல் விழுந்துகொண்டே வேகம் சேர்க்கவும் செய்யலாம். போதும் என்று தோன்றும்போது கூரையிலிருக்கும் வாசலை வேண்டிய சுவருக்கு மாற்றிச் சுடுங்கள்.

இவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தால் செத்துவிட மாட்டோமா?

மாட்டீர்கள். உங்கள் பாத்திரமான செல்லின் காலில் அதற்கென்றே கருவி பொருத்தப்பட்டிருக்கிறது. எவ்வளவு உயரமானாலும் காயம் இல்லை. ஆனால் அடியில் தேங்கியிருக்கும் கழிவு நீரில் விழுந்தால் உயிர் போய்விடும். கணினியில் ‘எஃப் 6’ அழுத்தினால் விளையாட்டு உடனே சேமிக்கப்படும். பெரிய பாய்ச்சலுக்கு முன் ஒரு தடவை அழுத்திவிடுங்கள்.

மிதக்கும் நெருப்புப் பந்தை எப்படி அந்தக் குழிக்குள் சேர்ப்பது?

முதல் பாகத்தில் வரும் அந்த ஆற்றல் பந்து நேர்கோட்டில் போய் மோதித் திரும்பும், சற்று நேரத்தில் வெடித்துவிடும், மறுபடி புதிதாக ஒன்று வரும். தொட்டால் உயிர் போகும். அது போய் மோதும் சுவரில் கருகிய தடம் இருக்கும். சரியாக அந்தத் தடத்தில் ஒரு முனையை வையுங்கள், பந்தை ஏற்கும் குழிக்கு நேர் எதிரே மறுமுனையை வையுங்கள். கருகிய தடம் கண்ணில் பட்டுவிட்டாலே பாதி வேலை முடிந்தது.

போர்ட்டல் 2-இல் பந்துக்குப் பதில் லேசர் கதிர் வரும். கதிர் தொடர்ந்து எரிந்துகொண்டே இருப்பதால் காலம் பார்த்துக் காத்திருக்கும் வேலை இல்லை. வாசல் வழியே வளைக்கலாம், கண்ணாடி பதித்த பெட்டியை வைத்துத் திருப்பலாம்.

சுடும் டரட்களை எப்படிச் சமாளிப்பது?

16-ஆவது அறையில் டரட்கள், அதாவது தானாகச் சுடும் வெள்ளை நிற இயந்திரங்கள், வரும். சிவப்பு ஒளிக்கோடு உங்கள் மேல் பட்டால் சுடும். ஆனால் கவிழ்ந்துவிட்டால் கொஞ்ச நேரம் படபடவென்று சுட்டுவிட்டு அடங்கிவிடும். பின்பக்கமாகப் போய்த் தூக்கிக் கீழே போடலாம். அது நிற்கும் தரை வெளிர் நிறமாக இருந்தால் அதன் காலடியிலேயே வாசலைத் திறந்து விழ வைக்கலாம். தலைக்கு மேல் கூரையில் வாசல் திறந்து பெட்டியைப் போடலாம். நேருக்கு நேர் ஓடுவது மட்டும் வேண்டாம்.

17-இல் வரும் இதயம் வரைந்த பெட்டி எனக்குப் பிடித்துவிட்டது. அதைக் காப்பாற்ற முடியுமா?

முடியாது. எரியூட்டியில் போட்டால்தான் கதவு திறக்கும். எனக்கும் கஷ்டமாகத்தான் இருந்தது.

19-இல் மேடை நேராக நெருப்புக்குள் போகிறது. ஆட்டம் முடிந்ததா?

இல்லை! அங்கே பலர் இதுதான் முடிவு போலிருக்கிறது என்று கையைக் கட்டிக்கொண்டு எரிந்து போகிறார்கள். கன் இன்னும் உங்கள் கையில் இருக்கிறது. மேடை நகரும்போதே சுற்றிலும் வாசல் பிடிக்கும் சுவர் எங்கே என்று பாருங்கள். அதுவரை கற்றுக்கொண்ட எல்லாவற்றையும் யாரும் வழிகாட்டாமல் பயன்படுத்தும் பகுதி அங்கேதான் தொடங்குகிறது.

ஓர் அறையில் ஒரு மணி நேரமாக மாட்டிக்கொண்டேன். எப்படி யோசிப்பது?

கன்னைத் தொடாமல் அறையை ஒரு சுற்று நடந்து பாருங்கள். பிறகு பின்னாலிருந்து வாருங்கள். வெளியேறும் கதவு எது? அதைத் திறப்பது எது? பட்டனா, பந்தா, கதிரா? பட்டன் என்றால் அதன்மேல் வைக்கப் பெட்டி எங்கே? தரையிலும் சுவரிலும் ஓடும் புள்ளிக் கோடு பட்டனையும் கதவையும் இணைக்கிறது, அதைப் பின்தொடர்ந்தாலே எது எதை இயக்குகிறது என்று தெரியும். இப்போது கதவுப் பக்கத்தில் வாசல் பிடிக்கும் பரப்பு ஏது? அதுதான் ஒரு முனை. மறுமுனை உங்கள் காலடியில்.

மாட்டிக்கொள்பவர்கள் பெரும்பாலும் முதல் முனையையும் தங்கள் பக்கத்திலேயே வைத்துக்கொண்டு அங்கிருந்து எங்கே போகலாம் என்று தேடுகிறார்கள். போய்ச் சேரவேண்டிய இடத்தை முதலில் தீர்மானித்தால் பாதி வாய்ப்புகள் தாமாக விலகிவிடும். இன்னொரு பழக்கம், நிமிர்ந்து பார்ப்பது. கூரையை யாரும் பார்ப்பதில்லை, விடை பல தடவை அங்கேதான் இருக்கிறது.

அதற்கு மேலும் வரவில்லை என்றால் எழுந்து போய்விடுங்கள். காணொளியில் விடையைப் பார்ப்பது எளிது, ஆனால் ஓர் அறையின் விடையை முதல் தடவை கண்டுபிடிக்கும் சந்தோஷம் ஒரே ஒரு தடவைதான் கிடைக்கும். அதைக் கொடுத்துவிடாதீர்கள்.

போர்ட்டல் 2-இல் வரும் புதுப் பொருள்களோடு கன்னை எப்படிச் சேர்ப்பது?

ஒரே விதி: எது வாசலுக்குள் போகிறதோ அது மறுபக்கம் தொடரும். ஒளிப்பாலம் சுவரில் மோதும் இடத்தில் ஒரு முனையை வைத்தால், பாலம் மறுமுனையிலிருந்து நீண்டு வரும். அதன்மேல் நடக்கலாம், குறுக்கே நிறுத்தி டரட்டின் குண்டையும் தடுக்கலாம். பொருள்களை மிதக்கவைத்துக் கொண்டுபோகும் ஒளிக்குழாயும் அப்படியே.

ஜெல்கள்தான் சுவாரஸ்யம். நீல ஜெல் துள்ள வைக்கும், ஆரஞ்சு ஜெல் ஓட்டத்தை வேகமாக்கும், வெள்ளை ஜெல் பட்ட இடத்தில் வாசல் திறக்கலாம். கருத்த சுவருக்கு வாசல் போடும் தகுதியைக் கொடுக்கும் வெள்ளை ஜெல் நிலாப் பாறையை அரைத்துச் செய்தது என்று கதையில் ஒரு இடத்தில் வரும். அந்தத் தகவலைக் காதோடு விட்டுவிடாதீர்கள். தண்ணீர் பட்டால் எல்லா ஜெல்லும் கழுவிப் போய்விடும்.

இருவர் சேர்ந்து விளையாடும்போது யாருடைய வாசல் யாருக்கு?

அட்லஸ், பி-பாடி என்ற இரண்டு ரோபோக்களுக்கும் ஆளுக்கொரு கன். மொத்தம் நான்கு வாசல், இரண்டு ஜோடி. ஒருவரின் வாசல் அவருடைய இன்னொரு வாசலோடு மட்டுமே இணையும், ஆனால் யாருடைய வாசலிலும் யார் வேண்டுமானாலும் போகலாம். இடத்தைக் குறித்துக் காட்டவும், மூன்று எண்ணி ஒரே நேரத்தில் செயல்படவும் தனிப் பொத்தான்கள் இருக்கின்றன. ‘அங்கே சுடு, அங்கே இல்லை, அந்த அங்கே’ என்று கத்துவதைவிட அவை எவ்வளவோ மேல். கூட்டாளி உங்கள் வாசல் வழியே பறந்துகொண்டிருக்கும்போது அதை இடம் மாற்றாதீர்கள்.

விளையாடினால் தலை சுற்றுகிறது.

தரை வாசலில் விழுந்து சுவரிலோ கூரையிலோ வெளியே வரும்போது காட்சி புரண்டு நிமிரும். அதுதான் காரணம். வாசலைத் தாண்டும் நொடியில் மவுஸை அசைக்காமல், போய்ச் சேரும் மேடையில் கண்ணை வையுங்கள். திரையிலிருந்து சற்றுத் தள்ளி, அறையில் விளக்கைப் போட்டு உட்காருங்கள். குமட்டல் லேசாகத் தொடங்கியதுமே நிறுத்திவிடுங்கள், தாக்குப்பிடித்துப் பார்க்க வேண்டாம்.

இந்த யோசனை எங்கிருந்து வந்தது?

டிஜிபென் என்ற கல்லூரியின் மாணவர்கள் 2005-இல் ‘நார்பக்யூலர் டிராப்’ என்ற சிறு விளையாட்டைச் செய்தார்கள். அதில் கன்னே கிடையாது. குதிக்க முடியாத ஓர் இளவரசி, அவளுக்கு உதவும் மலையின் ஆவி, அந்த ஆவி திறந்துவிடும் வாசல்கள், இவ்வளவுதான். அதைப் பார்த்த வால்வ் நிறுவனம் அந்தக் குழுவையே வேலைக்கு எடுத்துக்கொண்டது. இரண்டே ஆண்டுகளில் ‘போர்ட்டல்’ வந்துவிட்டது.

இரண்டையும் முடித்துவிட்டேன். இனி என்ன செய்வது?

முதல் பாகத்தில் 13 முதல் 18 வரையிலான அறைகளைக் குறைந்த வாசல், குறைந்த அடிகள், குறைந்த நேரம் என்ற மூன்று சவால்களாக மறுபடி விளையாடலாம். குறைந்த வாசல் சவாலில் தொடங்குங்கள். நான்கைந்து வாசல் போட்டுத் தாண்டிய அறையை இரண்டே வாசலில் முடிக்கச் சொல்லும்போது, அந்த அறையை நீங்கள் அதுவரை சரியாகப் பார்க்கவே இல்லை என்று தெரியவரும். போர்ட்டல் 2-க்கு 2012-இல் அறை வடிவமைக்கும் கருவியைக் கணினியில் இலவசமாகக் கொடுத்தார்கள். மற்றவர்கள் செய்த அறைகள் அங்கே ஏராளமாக இருக்கின்றன. நீங்களே ஒன்று செய்து பாருங்கள். ஒரு வெள்ளைத் தகடு, ஒரு பள்ளம், ஒரு கதவு, தொடங்க இது போதும்.